அணுவை முதன்முதலில் ‘பார்த்தவர்’ யார்? பெர்லினில் தொடங்கிய எர்வின் முல்லரின் கதை

1955 அக்டோபர் 11, செவ்வாய்க்கிழமை. அமெரிக்காவின் பென்சில்வேனியா ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் ஒரு ஆய்வகம். 44 வயது ஜெர்மன் பேராசிரியர் ஒருவரும், அவரிடம் முனைவர் பட்டத்துக்காகச் சேர்ந்திருந்த இந்திய மாணவர் ஒருவரும் ஒரு கண்ணாடிக் கருவியின் சின்னத் திரையை உற்றுப் பார்த்தார்கள். திரையில் மிக மங்கலாக ஒளிப்புள்ளிகள். வட்டம் வட்டமாக, வரிசை தப்பாமல், யாரோ அளந்து வைத்த மாதிரி.

ஒவ்வொரு புள்ளியும் ஒரு அணு.

அணு என்று ஒன்று இருக்கிறதா இல்லையா என்று அறிஞர்கள் நூற்றாண்டுக் கணக்கில் சண்டை போட்டிருக்கிறார்கள். அந்த அணுவைத் தனித்தனியாகப் பிரித்துக் காட்டிய முதல் கருவி அது. பேராசிரியரின் பெயர் எர்வின் முல்லர். மாணவரின் பெயர் கன்வர் பகதூர்.

ஐன்ஸ்டீனைத் தெரியும், ஃபைன்மனைத் தெரியும். முல்லரை ஏன் பெரும்பாலானோருக்குத் தெரிவதில்லை? ஒரே யோசனையை 30 ஆண்டுகள் விடாமல் பிடித்துக்கொண்டிருந்த இந்த மனிதர் உண்மையில் செய்தது என்ன? கொஞ்சம் விளக்கமாகப் பார்க்கலாம்.

அணுவைப் பார்ப்பதில் அப்படி என்ன கஷ்டம்?

முதலில் அளவைப் புரிந்துகொள்வோம். ஒரு தலைமுடியின் தடிமன் தோராயமாக 80 ஆயிரம் முதல் 1 லட்சம் நானோமீட்டர். டங்ஸ்டன் உலோகத்தில் பக்கத்துப் பக்கத்து அணுக்களுக்கு இடையே உள்ள தூரம் சுமார் 0.27 நானோமீட்டர். அதாவது ஒரு முடியின் குறுக்கே மூன்று லட்சம் அணுக்களை வரிசையாக நிறுத்தலாம்.

பள்ளியில் நாம் பார்த்த சாதாரண மைக்ரோஸ்கோப்பை எவ்வளவு உயர்ந்த லென்ஸ் போட்டு மேம்படுத்தினாலும் இதற்கு உதவாது. நம் கண்ணுக்குத் தெரியும் ஒளியின் அலைநீளமே 400 முதல் 700 நானோமீட்டர். கடல் அலையில் ஒரு மணல் துகளைத் தேடுவது போலத்தான். சுமார் 200 நானோமீட்டருக்குக் கீழே போனால் இரண்டு பொருள்கள் ஒன்றாகக் கலந்துதான் தெரியும்.

அதனால்தான் 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில்கூட எர்ன்ஸ்ட் மாக் போன்ற பெரிய இயற்பியலாளர்கள் அணு இருக்கிறது என்பதை ஏற்க மறுத்தார்கள். 1905-இல் ஐன்ஸ்டீன் கணக்குப் போட்டார். அதை ழான் பெரன் சோதனை செய்து காட்டினார். 1912-இல் மாக்ஸ் ஃபான் லாவேயின் எக்ஸ்ரே ஆய்வு, படிகத்துக்குள் அணுக்கள் ஒழுங்காக அடுக்கப்பட்டிருப்பதைக் காட்டியது. சந்தேகம் தீர்ந்தது. ஆனால் இவை எல்லாமே மறைமுகச் சாட்சிகள். கோடிக்கணக்கான அணுக்கள் சேர்ந்து விட்டுச்சென்ற தடயத்தைப் பார்த்து, இன்னது இருக்க வேண்டும் என்று முடிவு செய்தவை. ஒற்றை அணுவை யாரும் பார்க்கவில்லை.

நோபல் பேராசிரியரின் மாணவர்

எர்வின் வில்ஹெல்ம் முல்லர் 1911 ஜூன் 13 அன்று பெர்லினில் பிறந்தார். அங்கேயே ஷார்லோட்டன்பர்க் தொழில்நுட்பக் கல்லூரியில் படித்தார். அந்தக் கல்லூரிக்கே ஒரு வரலாறு உண்டு. எர்ன்ஸ்ட் ருஸ்காவும் மாக்ஸ் நோலும் 1931-இல் உலகின் முதல் எலெக்ட்ரான் மைக்ரோஸ்கோப்பைக் கட்டியது அங்கேதான். ருஸ்காவின் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கதையின் கடைசியில் திரும்ப வருவார்.

முல்லருக்கு வாய்த்த ஆசிரியர் குஸ்தாவ் ஹெர்ட்ஸ். 1925-இன் இயற்பியல் நோபல் பரிசு பெற்றவர். ஆனால் காலம் சரியில்லை. 1933-இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். யூத வம்சாவளி காரணமாக ஹெர்ட்ஸ் பல்கலைக்கழகப் பதவியை இழக்க வேண்டியதாயிற்று. அவர் சீமென்ஸ் நிறுவனத்தின் ஆய்வகத்துக்குப் போனார். முல்லரும் அதே நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்தார். 1936-இல் முனைவர் பட்டம். அதே ஆண்டில் வந்தது அவருடைய முதல் பெரிய கண்டுபிடிப்பு. அப்போது அவருக்கு வயது 25.

ஒரு ஊசி, ஒரு திரை, லென்ஸ் கிடையாது

மழைக்காலத்தில் இடிதாங்கி ஏன் கூர்மையாக இருக்கிறது என்று யோசித்திருக்கிறீர்களா? மின்சாரம் கூர்முனைகளில் குவியும். எவ்வளவு கூர்மையோ, அவ்வளவு வலிமையான மின்புலம். போதுமான மின்புலம் இருந்தால், உலோகத்தைச் சூடாக்காமலேயே அதிலிருந்து எலெக்ட்ரான்களை உருவி எடுக்கலாம். இதற்கான கணக்கை ஃபவுலரும் நார்ட்ஹைமும் 1928-இல் கொடுத்துவிட்டார்கள்.

முல்லர் அந்தக் கணக்கைக் கருவியாக மாற்றினார். டங்ஸ்டன் கம்பியின் நுனியைக் கண்ணுக்குத் தெரியாத அளவுக்குக் கூர்மையாக்கினார். அதைக் காற்று நீக்கிய கண்ணாடிக் குடுவைக்குள் வைத்து, எதிரே ஒளிரும் திரையை வைத்தார். ஊசிக்கு எதிர்மின்னழுத்தம் கொடுத்தார். நுனியிலிருந்து கிளம்பிய எலெக்ட்ரான்கள் நாலாபக்கமும் விரிந்து போய்த் திரையில் மோதின. திரையில் ஊசி நுனியின் படம் விழுந்தது!

இதில் லென்ஸே இல்லை என்பதுதான் விஷயம். காற்று இல்லாத பலூனில் பேனாவால் நெருக்கமாகப் புள்ளிகள் வைத்துவிட்டு ஊதிப் பாருங்கள். பலூன் பெருகப் பெருகப் புள்ளிகள் விலகிப் போகும். இங்கே ஊசி நுனிதான் சின்ன பலூன், திரை பெரிய பலூன். நுனி எவ்வளவு சிறியதோ, அவ்வளவு பெரிதாகப் படம் தெரியும். லட்சக்கணக்கான மடங்கு பெருக்கம் சும்மா கிடைத்தது.

இதன் பெயர் ஃபீல்ட் எமிஷன் மைக்ரோஸ்கோப். அன்றைய நிலையில் பெரிய சாதனை. ஆனால் ஒரு சிக்கல். உலோகத்துக்குள் இருக்கும் எலெக்ட்ரான்கள் சும்மா இருப்பதில்லை, பக்கவாட்டிலும் வேகமாக ஓடிக்கொண்டிருக்கும். நுனியை விட்டுக் கிளம்பும்போதும் அந்தப் பக்கவாட்டு ஓட்டம் ஒட்டிக்கொண்டே வரும். அதனால் படம் கலங்கலாகத்தான் விழும். சுமார் 2 நானோமீட்டர்வரை தெளிவு கிடைத்தது. அணுவைப் பிரித்துப் பார்க்க அதைவிட ஏறக்குறைய 8 மடங்கு தெளிவு வேண்டும்.

பக்கத்தில் வந்தாச்சு, ஆனால் கதவு திறக்கவில்லை.

பிளஸ்ஸையும் மைனஸையும் மாற்றிப் போட்டார்

அடுத்து முல்லர் பெர்லினிலேயே ஸ்டாபிலோவோல்ட் என்ற இன்னொரு நிறுவனத்துக்கு மாறினார். போர் தொடங்கிவிட்டது. அந்தக் காலத்திலும் ஊசியை அவர் விடவில்லை. 1941-இல் ஒரு காரியம் செய்து பார்த்தார். இதுவரை ஊசிக்கு மைனஸ் கொடுத்தோமே, பிளஸ் கொடுத்தால் என்ன ஆகும்?

ஊசியின் மேல் ஒட்டியிருந்த பேரியம் அணுக்கள் பிய்த்துக்கொண்டு பறந்தன. வெப்பம் தேவைப்படவில்லை. மின்புலமே அணுவை அயனியாக்கி இழுத்துக்கொண்டு போனது.

அந்தச் சமயத்தில் இது சின்னக் கண்டுபிடிப்பாகத் தெரிந்திருக்கலாம். ஆனால் முல்லர் பிற்காலத்தில் செய்த இரண்டு பெரிய சாதனைகளுக்கும் விதை இதுதான். எலெக்ட்ரானுக்குப் பதிலாக அயனியை வைத்துப் படம் எடுத்தால்? எலெக்ட்ரானைவிட அயனி ஆயிரக்கணக்கான மடங்கு கனமானது. அலைபோல் பரவிக் கலங்கும் தொல்லை குறைவு. படம் தெளிவாக விழும்.

ஒரே தடை. ஒட்டியிருக்கும் அணுக்கள் ஒரு தடவை பறந்துவிட்டால் தீர்ந்தது. படம் எடுக்க அயனிகள் தொடர்ந்து வந்துகொண்டே இருக்க வேண்டுமே?

விடை கிடைக்கப் பத்து ஆண்டுகள் ஆயின. நடுவில் நாடு தோற்றது, பெர்லின் இடிந்து கிடந்தது, ஆசிரியர் ஹெர்ட்ஸ் சோவியத் யூனியனுக்குப் போய்விட்டார். முல்லர் சில காலம் ஆல்ட்டன்பர்க் நகரில் பாடம் நடத்தினார். 1947-இல் பெர்லினுக்குத் திரும்பி, பின்னாளில் ஃபிரிட்ஸ் ஹேபர் நிறுவனம் என்று பெயர் பெற்ற ஆய்வு மையத்தில் சேர்ந்தார்.

1951-இல் அங்கே அவர் செய்தது கேட்க மிக எளிது. குடுவைக்குள் கொஞ்சம் ஹைட்ரஜன் வாயுவை விட்டார். அவ்வளவுதான். பிளஸ் மின்னழுத்தத்தில் இருக்கும் ஊசியை நோக்கி வாயு இழுக்கப்படும். நுனிக்கு மிக அருகே வந்ததும் எலெக்ட்ரானை இழந்து அயனியாகும். உடனே திரையை நோக்கித் தள்ளப்படும். வாயு இருக்கும்வரை படம் இருக்கும்.

இதுதான் ஃபீல்ட் அயான் மைக்ரோஸ்கோப். அணுப்படத்துக்கு மிக நெருக்கமாக வந்துவிட்டார். ஆனால் இன்னும் தனித்தனிப் புள்ளிகளாகப் பிரியவில்லை.

குளிர்தான் சாவி

1952-இல் முல்லர் அமெரிக்காவுக்குப் போய் பென்சில்வேனியா ஸ்டேட்டில் பேராசிரியரானார். கடைசிவரை அங்கேதான் வேலை. 1962-இல் அமெரிக்கக் குடியுரிமையும் பெற்றார்.

படம் ஏன் கலங்குகிறது? வாயு அணுக்கள் அறை வெப்பத்தில் துள்ளிக்கொண்டிருக்கின்றன. அயனியாகும் நொடியில் அவற்றுக்குப் பக்கவாட்டு வேகம் இருந்தால், திரையில் போய் விழும் இடம் தள்ளிப் போகும். பழைய எலெக்ட்ரான் பிரச்சினையேதான், வேறு வேஷத்தில்.

அப்படியானால் ஊசியைக் குளிர வைத்தால்? குளிர்ந்த ஊசியில் வாயு அணு பலமுறை மோதி மோதித் தன் வெப்பத்தை இழக்கும். வேகம் தணியும். பிறகு அயனியானால் நேராகத் திரைக்குப் போகும்.

பகதூரும் முல்லரும் 1955-இல் இதைச் செய்தார்கள். டங்ஸ்டன் ஊசியை மைனஸ் 190 டிகிரி செல்சியஸுக்கும் கீழே குளிர வைத்தார்கள். ஹைட்ரஜனுக்குப் பதில் ஹீலியம் வாயு. ஹீலியம் லேசில் எலெக்ட்ரானைக் கொடுக்காது. அதை அயனியாக்க நானோமீட்டருக்கு சுமார் 44 வோல்ட் மின்புலம் வேண்டும். நானோமீட்டருக்கு 44 என்றால் சின்ன எண்ணாகத் தெரியும். மீட்டர் கணக்கில் பார்த்தால் 4,400 கோடி வோல்ட்! காற்றில் தீப்பொறி பறக்கத் தேவையான மின்புலத்தைவிடச் சுமார் 15 ஆயிரம் மடங்கு. இந்த மின்புலம் ஊசி நுனியை வெளிப்பக்கமாக இழுக்கும் விசை, ஒரு சதுர மில்லிமீட்டருக்கு முக்கால் டன்னுக்கும் மேல். இதைத் தாங்காத உலோகம் பிய்ந்துபோகும். டங்ஸ்டன் தாங்கியது.

ஆனால் நுனி ரொம்பச் சிறியது என்பதால் இதற்கு மின்நிலையம் தேவையில்லை. சில ஆயிரம் வோல்ட் கொடுத்தாலே நுனியில் அந்த மின்புலம் வந்துவிடும்.

திரையில் தெரிந்தது என்ன?

ஊசி நுனி நம் கண்ணுக்குக் கூர்மையாகத் தெரிந்தாலும், அணு அளவில் அது ஒரு உருண்டையான குன்று. அணு அடுக்குகள் மொட்டைமாடிப் படிகள் மாதிரி வட்டவட்டமாக இறங்கும். ஒவ்வொரு படியின் விளிம்பிலும் இருக்கும் அணுக்கள் கொஞ்சம் துருத்திக்கொண்டிருக்கும். துருத்தியிருக்கும் இடத்தில் மின்புலம் அதிகம். அந்த அணுவுக்கு நேர் மேலேதான் ஹீலியம் அயனியாகும். அதனால் திரையில் அந்த அணு ஒரு ஒளிப்புள்ளியாக விழும்.

மொத்தப் படத்தையும் பார்த்தால் அச்சு அசலாகப் புள்ளிக் கோலம் போலிருக்கும். நடுவே ஒரு புள்ளிக்கூட்டம், அதைச் சுற்றி வளையங்கள், வளையங்களுக்கு இடையே வேறு வளையங்கள். பெருக்கம் பத்து லட்சம் மடங்குக்கும் மேல். ஆனால் வெளிச்சம் மிகக் குறைவு. இருட்டுக்குக் கண் பழகிய பிறகுதான் தெரியும்.

இது உண்மையிலேயே பார்ப்பதுதானா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. கண்ணுக்கு வருவது அணுவிலிருந்து கிளம்பிய ஒளி இல்லை. அணுவுக்கு மேலே உருவான ஹீலியம் அயனிகள் திரையில் மோதிய ஒளி. ஆனால் பழைய சாட்சிகளுக்கும் இதற்கும் ஒரு முக்கிய வித்தியாசம் உண்டு. இங்கே ஒரு அணு காணாமல் போனால், திரையில் ஒரு புள்ளி காணாமல் போகும். படிகத்தில் ஒரே ஒரு அணு இல்லாத வெற்றிடம்கூடத் தெரியும். கணக்கு இல்லை, சராசரி இல்லை. இந்த அணு, இந்த இடம்.

முடிவுகள் 1956-இல் இயற்பியல் ஆய்விதழ்களில் வெளியாயின. ஒரு கட்டுரையில் முல்லரின் பெயரோடு பகதூரின் பெயரும் இருக்கிறது.

ஃபைன்மன் கேட்டதும், முல்லர் ஏற்கெனவே செய்ததும்

1959 டிசம்பரில் ரிச்சர்டு ஃபைன்மன் கலிபோர்னியாவில் ஒரு புகழ்பெற்ற உரை நிகழ்த்தினார். நானோ தொழில்நுட்பத்தின் தொடக்கம் என்று இன்று பலரும் கொண்டாடும் உரை. அதில் எலெக்ட்ரான் மைக்ரோஸ்கோப்பை 100 மடங்கு மேம்படுத்த வேண்டும், அணுக்களை நேரடியாகப் பார்க்க முடிந்தால் வேதியியலும் உயிரியலும் எவ்வளவோ எளிதாகும் என்ற கருத்தை முன்வைத்தார்.

அதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன்பே முல்லரின் திரையில் அணுக்கள் தெரிந்துவிட்டன.

அப்போ ஃபைன்மன் கேட்டது தேவையில்லாததா? அப்படியும் இல்லை. முல்லரின் கருவிக்குப் பெரிய வரம்பு இருந்தது. பொருளை ஊசியாக்க வேண்டும். அந்த ஊசி பயங்கர மின்புலத்தையும் தாங்க வேண்டும். டங்ஸ்டன் அணு நானோமீட்டருக்கு 57 வோல்ட்வரை தாங்கும் என்பதால் 44 வோல்ட்டில் பிரச்சினை இல்லை. அலுமினியமோ சுமார் 19 வோல்ட்டிலேயே பிய்ந்துவிடும். ஹீலியம் படம் காட்டத் தொடங்கும் முன்பே ஊசி கரைந்து போகும். உயிர்ச் செல், புரதம் பக்கமெல்லாம் போகவே முடியாது. அணுவைப் பார்க்கும் வசதி கிடைத்தது, ஆனால் சில கடினமான உலோகங்களுக்கு மட்டும்.

பார்த்தாச்சு, பெயர் என்ன?

இன்னொரு குறை முல்லரையே உறுத்தியது. எல்லாப் புள்ளிகளும் ஒரே மாதிரிதான் இருக்கும். இரண்டு உலோகம் கலந்த கலவையில் எந்தப் புள்ளி எந்தத் தனிமம் என்று எப்படிச் சொல்வது? கூட்டத்தில் தலைகள் தெரிகின்றன, முகம் தெரியவில்லை.

இங்கேதான் 1941-இன் பழைய சோதனை கை கொடுத்தது. மின்புலத்தை இன்னும் கூட்டினால், ஊசியின் சொந்த அணுக்களே அயனியாகிக் கிளம்பும். வெளியே துருத்தியிருப்பவை முதலில் போகும். அதனால் நுனி தானாகவே சீராகிவிடும். தொடர்ந்து செய்தால் வெங்காயத் தோல் உரிப்பது மாதிரி அடுக்கடுக்காக உரித்து உள்ளே பார்க்கலாம். அப்படிப் பறக்கும் அணுவை வழியிலேயே பிடித்து எடை போட்டால்?

1967-இல் முல்லர், தன் மாணவர் ஜான் பேனிட்ஸ், ஆய்வகத்தின் புரூக்ஸ் மெக்லேன் ஆகியோருடன் சேர்ந்து இதைச் சாதித்தார். கருவியின் பெயர் ஆட்டம் புரோப். வேலை செய்யும் விதம் இப்படி:

• திரையின் நடுவே ஒரு சின்ன ஓட்டை. எந்த அணு வேண்டுமோ, அதன் புள்ளி ஓட்டைக்கு நேராக வரும்படி ஊசியைச் சாய்க்க வேண்டும்.

• ஒரு நொடியின் நூறு கோடியில் சில பங்கு நேரமே நீடிக்கும் மின்துடிப்பு. நுனியிலிருந்து அணு அயனியாகிப் பிய்ந்து கிளம்பும்.

• ஓட்டைக்கு நேராக வரும் அயனி மட்டும் உள்ளே நுழைந்து, நீளமான குழாயில் பறந்து, மறுமுனையில் உள்ள உணர்கருவியில் மோதும்.

• கிளம்பிய நேரம் தெரியும், சேர்ந்த நேரம் தெரியும். இடைவெளி சில மைக்ரோசெகண்டுகள். அதிலிருந்து எடையைக் கணக்கிடலாம்.

சிக்னலில் பச்சை விழுந்ததும் ஒரே அளவு எஞ்சின் சக்தியோடு பைக்கும் லோடு லாரியும் கிளம்பினால், எது முதலில் அடுத்த சிக்னலைத் தொடும்? அதே கதைதான். லேசான அணு சீக்கிரம் போகும், கனமான அணு தாமதமாகப் போகும். எடை தெரிந்தால் தனிமத்தின் பெயர் தெரியும்.

ஒரே ஒரு அணுவைத் தேர்ந்தெடுத்து, அது எந்தத் தனிமம் என்று சொல்லும் வசதி மனிதனுக்கு அப்போதுதான் கிடைத்தது. கூடவே எதிர்பாராத தகவல்களும் வந்தன. உலோக அணுக்கள் ஒரு எலெக்ட்ரானை மட்டும் இழந்து கிளம்பவில்லை. இரண்டு, மூன்று, நான்கு எலெக்ட்ரான்களைக்கூட இழந்து வந்தன. எதோடும் சேராது என்று பாடப்புத்தகம் சொல்லும் ஹீலியம், சில உலோக அயனிகளோடு ஒட்டிக்கொண்டு வந்தது.

ஒரு விசித்திரம் கவனித்தீர்களா? ஆட்டம் புரோப்பில் அணுவின் பெயர் தெரிய வேண்டுமென்றால், அதை அதன் இடத்திலிருந்து பிடுங்கியாக வேண்டும். பெயர் தெரிந்த பிறகு அந்த அணு அங்கே இல்லை. இந்தக் கருவி இன்றுவரை இப்படித்தான் இயங்குகிறது.

நோபல் ஏன் கிடைக்கவில்லை?

1975-இல் அமெரிக்காவின் தேசிய அறிவியல் அகாடமி, தேசியப் பொறியியல் அகாடமி இரண்டிலும் முல்லர் உறுப்பினரானார். 1977 மே 17 அன்று வாஷிங்டனில் காலமானார். வயது 65. அதே ஆண்டின் பிற்பகுதியில் அதிபர் ஜிம்மி கார்ட்டர் தேசிய அறிவியல் பதக்கங்களை வழங்கினார். முல்லருக்கும் ஒன்று இருந்தது. வாங்கத்தான் அவர் இல்லை.

நான்கே ஆண்டுகள் கழித்து, 1981-இல், சுவிட்சர்லாந்தின் ஐபிஎம் ஆய்வகத்தில் கெர்ட் பின்னிக்கும் ஹைன்ரிக் ரோரரும் ஸ்கேனிங் டனலிங் மைக்ரோஸ்கோப்பை உருவாக்கினார்கள். அதிலும் கூரான ஊசிதான் கதாநாயகன். ஆனால் பார்க்க வேண்டிய பொருளை ஊசியாக்க வேண்டாம். ஊசி, பொருளின் மேல் மிக நெருக்கமாக ஊர்ந்து போய் மேடு பள்ளங்களைத் தடவிப் பார்க்கும். சிலிக்கான் மாதிரியான தட்டையான பரப்புகளையும் படம் எடுக்க முடிந்தது. சீக்கிரமே உலகமெங்கும் பரவியது.

1986-இல் இயற்பியல் நோபல் அறிவிக்கப்பட்டது. பாதிப் பரிசு பின்னிக்குக்கும் ரோரருக்கும். மறு பாதி, ஞாபகம் வைத்துக்கொள்ளச் சொன்னோமே, அதே எர்ன்ஸ்ட் ருஸ்காவுக்கு. 1931-இல் செய்த வேலைக்கு 55 ஆண்டுகள் கழித்துப் பரிசு. அப்போது ருஸ்காவுக்கு வயது 79. நோபல் பரிசு, இறந்தவர்களின் பெயரைப் பரிசீலிப்பதில்லை. ருஸ்காவால் காத்திருக்க முடிந்தது, முல்லருக்கு அந்த ஆயுள் வாய்க்கவில்லை. உயிரோடு இருந்திருந்தாலும் கிடைத்திருக்குமா என்பது யாராலும் சொல்ல முடியாத விஷயம்.

ஆனால் அந்த நோபல் அறிவிப்பில் இன்னொரு பெயர் வருகிறது: ரஸ்ஸல் யங். டனலிங் மைக்ரோஸ்கோப்புக்கு முன்னோடியான டோபோகிராஃபைனர் என்ற கருவியைக் கட்டியவர். அவர் யாரிடம் முனைவர் பட்டம் பெற்றார் தெரியுமா? பென்சில்வேனியா ஸ்டேட்டில், முல்லரிடம்.

அது மட்டுமல்ல. 1970-இல் ஆல்பர்ட் குரூ என்ற இயற்பியலாளர் எலெக்ட்ரான் மைக்ரோஸ்கோப்பால் தனி அணுக்களைப் படமெடுத்தபோது, எலெக்ட்ரான்களை உமிழ்ந்தது ஒரு கூரான ஃபீல்ட் எமிஷன் ஊசி. 1936-இல் முல்லர் திரைக்கு எதிரே வைத்தாரே, அந்த வகையைச் சேர்ந்ததுதான். இன்றைய உயர்ரக எலெக்ட்ரான் மைக்ரோஸ்கோப்புகளிலும் அப்படிப்பட்ட ஊசிகள் வேலை செய்கின்றன.

இன்று அந்தக் கருவி என்ன செய்கிறது?

ஃபீல்ட் அயான் மைக்ரோஸ்கோப் இன்று சில ஆய்வகங்களில்தான் இருக்கிறது. ஆனால் ஆட்டம் புரோப் வேகமாக வளர்ந்தது. 1988-இல் ஆக்ஸ்ஃபோர்டு ஆய்வாளர்கள், அயனி எந்த நேரத்தில் வந்தது என்பதோடு, எந்த இடத்தில் வந்து விழுந்தது என்பதையும் சேர்த்துப் பதிவு செய்யும் வகையை உருவாக்கினார்கள். ஒரு ஓட்டை வழியாக ஒவ்வொன்றாகப் பிடித்த காலம் போய், லட்சம் லட்சமாக அணுக்களை உரித்து, கணினியில் முப்பரிமாணத்தில் மறுபடி அடுக்கிப் பார்க்கும் காலம் வந்தது. லேசர் துடிப்பும் சேர்ந்த பிறகு, மின்சாரம் சரியாகக் கடத்தாத பொருள்களையும் ஆராய முடிகிறது. முல்லரால் முடியாமல் போன இடம் அது.

போன், லேப்டாப்புக்குள் இருக்கும் சிப்களில், சிலிக்கானுக்குள் கலக்கப்படும் வேற்று அணுக்கள் சரியான இடத்தில் இருக்கின்றனவா என்று பார்க்க இந்த முறை பயன்படுகிறது. அணுஉலை எஃகு ஏன் காலப்போக்கில் நொறுங்கும் தன்மை பெறுகிறது, விமான எஞ்சின் உலோகம் எப்படி வெப்பத்தைத் தாங்குகிறது போன்ற கேள்விகளுக்கும்தான்.

எல்லாவற்றையும்விட ஆச்சரியமான பயன் 2014-இல் வந்தது. ஆஸ்திரேலியாவின் ஜாக் ஹில்ஸ் பகுதியில் கிடைத்த ஒரு சின்னஞ்சிறு சிர்கான் படிகத்தின் வயது சுமார் 437 கோடி ஆண்டுகள் என்று கணக்கிட்டார்கள். யுரேனியம் சிதைந்து ஈயமாக மாறும் விகிதத்தை வைத்துப் போட்ட கணக்கு. ஈய அணுக்கள் படிகத்துக்குள் இடம் மாறியிருந்தால் கணக்கு தப்பாகிவிடுமே என்ற சந்தேகம் இருந்தது. ஆட்டம் புரோப்பால் அந்த ஈய அணுக்களைத் தனித்தனியாக எண்ணிப் பார்த்தார்கள். நகர்ந்தது நானோமீட்டர் கணக்கில்தான், வயதுக் கணக்கைக் கெடுக்கும் அளவுக்கு இல்லை. பூமியின் மிகப் பழைய துண்டுகளில் ஒன்றின் வயதை உறுதி செய்தது, முல்லர் 1967-இல் தொடங்கிவைத்த முறை.

25 வயதில் ஒரு ஊசிக்கு எதிரே திரையை வைத்தார் முல்லர். அதன் பிறகு ஊசியை மாற்றவில்லை, ஊர் மாறினாலும் கேள்வியை மாற்றவில்லை. மின்னழுத்தத்தைத் திருப்பிப் போட்டார், வாயு சேர்த்தார், குளிர வைத்தார், கடைசியில் திரையில் ஓட்டை போட்டார். ஒவ்வொன்றும் சொன்னால் ஒரு வரியில் முடியும் மாற்றம். முதல் திரையிலிருந்து கடைசி ஓட்டைவரை ஆன காலம் 31 ஆண்டுகள்.

சுருக்கமாக: எர்வின் முல்லர்

• 1911: பெர்லினில் பிறப்பு

• 1936: ஃபீல்ட் எமிஷன் மைக்ரோஸ்கோப்

• 1941: மின்புலத்தால் அணுக்களைப் பிய்த்தெடுக்கலாம் என்ற கண்டுபிடிப்பு

• 1951: ஃபீல்ட் அயான் மைக்ரோஸ்கோப்

• 1952: அமெரிக்காவுக்குப் பயணம்

• 1955: கன்வர் பகதூருடன் சேர்ந்து தனி அணுக்களின் படம்

• 1967: ஒற்றை அணுவின் தனிமத்தைக் கண்டறியும் ஆட்டம் புரோப்

• 1977: மறைவு, அதன் பின் அமெரிக்காவின் தேசிய அறிவியல் பதக்கம்